த்ராட்டில் சென்சாரை மாற்றும் முன் கம்பிகளை அளந்து பாருங்கள்

ரங்கூன் ஹ்லெடான் சந்திப்பில் பச்சை விழுகிறது. ஆக்சிலேட்டரை லேசாக மிதிக்கிறீர்கள். வண்டி ஒரு கணம் செத்தது போல் நிற்கிறது, அடுத்த கணம் யாரோ உதைத்தது போல் பாய்கிறது. இன்னும் கொஞ்சம் அழுத்தினால் ஒழுங்காகப் போகிறது. காலைத் தளர்த்தி அதே இடத்துக்கு வந்தால் மறுபடி ஒரு உதை. ரங்கூனில் பழைய டொயோட்டா வைத்திருப்பவர்கள் ஒர்க்‌ஷாப்புக்கு வந்து “சயா (ஐயா), வண்டி வெட்டி வெட்டி இழுக்குது” என்று சொல்வது பெரும்பாலும் இதைத்தான். அதற்குள் பிளக் மாறியிருக்கும், பெட்ரோல் ஃபில்டர் மாறியிருக்கும், சிலர் பம்ப்பையே மாற்றிப் பார்த்திருப்பார்கள்.

உதை எப்போதும் மிதியின் ஒரே இடத்தில் வருகிறதே, அதுதான் துப்பு. பெட்ரோல் போதாத வண்டி மிதிக்க மிதிக்க மோசமாகும். பிளக்கோ காயிலோ கெட்டிருந்தால் மேட்டில், சுமையில், எஞ்சின் திணறும்போது தட்டும். குறிப்பிட்ட ஒரு புள்ளியில் மட்டும் கோளாறு வந்து, அதைத் தாண்டியதும் சரியாகிறது என்றால் சந்தேகம் த்ராட்டில் பொசிஷன் சென்சார் மேல், அதாவது எஞ்சினுக்குக் காற்றை விடும் த்ராட்டில் தகடு எவ்வளவு திறந்திருக்கிறது என்று சொல்லும் சென்சார் மேல், போக வேண்டும். ஆனால் சந்தேகம் வந்த உடனே சென்சாரை வாங்கி மாட்டிவிடாதீர்கள். கனெக்டரில் பச்சைப் பாசி படிந்த வண்டிக்கும், எர்த் கம்பி பாதி அறுந்த வண்டிக்கும் புதுச் சென்சார் மாட்டி, இரண்டு நாளில் அதே உதை திரும்பி வருவது இங்கே சாதாரணமாக நடக்கிறது. அரை மணி நேர அளவு வேலை அந்தச் செலவை மிச்சப்படுத்தும்.

இது வசதிக் குறைவு மட்டும் இல்லை, உயிர் விஷயம். பர்மாவில் 1970இலிருந்து சாலையில் வலப்பக்கம் ஓட்டுகிறோம். ஜப்பானிலிருந்து வந்த நம் வண்டிகளில் ஸ்டியரிங்கும் வலப்பக்கமே இருக்கிறது. பெகு சாலையில் ஒரு லாரியை முந்த வேண்டுமென்றால், எதிரே என்ன வருகிறது என்று பார்ப்பதற்கே வண்டியை நடுக்கோடு தாண்டி வெளியே எடுக்க வேண்டும். அப்படி எடுத்த பிறகு, மிதித்த இடத்தில் எஞ்சின் ஒரு நொடி செத்து நின்றால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

சென்சாருக்குள் பெரிய ரகசியம் ஒன்றும் கிடையாது. பழைய ரேடியோவில் சத்தம் கூட்டிக் குறைக்கத் திருகுவோமே, அதே வகைப் பொருள். கரிப்பூச்சு பூசிய ஒரு வளைந்த பட்டை, அதன் மேல் தேய்ந்து நகரும் ஒரு மெல்லிய உலோக விரல். பட்டையின் ஒரு முனைக்கு ஈசியூ (எஞ்சினை நடத்தும் கம்ப்யூட்டர்) 5 வோல்ட் கொடுக்கிறது, மறு முனை எர்த். த்ராட்டில் தகடு திரும்பும்போது அதன் அச்சோடு விரலும் திரும்பும். நிற்கும் இடத்துக்கு ஏற்ற வோல்ட்டை எடுத்து ஈசியூவுக்கு அனுப்பும். மூடியிருக்கையில் அரை வோல்ட் சுற்றில், முழுக்கத் திறந்தால் நாலு வோல்ட் சுற்றில். அந்த ஏற்ற இறக்கத்தின் வேகத்தைப் பார்த்துத்தான் ஈசியூ ‘இவர் மிதிக்கிறார், பெட்ரோலைக் கூட்டு’ என்றும் ‘காலை எடுத்துவிட்டார், பெட்ரோலை நிறுத்து’ என்றும் முடிவு செய்கிறது. எலக்ட்ரானிக் ஆட்டோ கியரும் எப்போது மாற்றுவது என்பதற்கு இதே வோல்ட்டைப் பார்க்கிறது.

ரங்கூன் நெரிசலில் கால் பெரும்பாலும் எங்கே இருக்கும்? மிதியின் முதல் கால்பங்கில். அனோரட்டா சாலையில் ஒரு நாள் முழுக்க ஓட்டினாலும் அந்த இடத்தைத் தாண்ட வாய்ப்பே வராது. விரல் பட்டையின் அந்தத் துண்டிலேயே ஆயிரக்கணக்கில் முன்னும் பின்னும் தேய்த்து, கரிப்பூச்சு அங்கே மட்டும் மெலிந்து பெயர்கிறது. விரல் அங்கு வரும்போது தொடர்பு விட்டுப்போகும்; வோல்ட் சட்டென்று சரியும். ஈசியூவின் கண்ணில் அது காலைத் தூக்கியது போலத் தெரிகிறது. மறுகணம் தொடர்பு வந்ததும் யாரோ ஓங்கி மிதித்தது போலத் தெரிகிறது. நீங்கள் உணரும் உதை அதுதான். வாடகை வண்டிகளில் இது சீக்கிரம் வருவதற்கும், நெடுஞ்சாலையிலேயே ஓடும் வண்டிகளில் அபூர்வமாக வருவதற்கும் காரணம் இதுவே.

உங்கள் வண்டி எந்த வகை என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். பானெட்டைத் திறந்து, காற்று ஃபில்டரிலிருந்து வரும் தடித்த ரப்பர் குழாய் முடிகிற இடத்தைப் பாருங்கள். அதுதான் த்ராட்டில் பாடி. மிதியிலிருந்து ஒரு ஸ்டீல் கேபிள் அதன் பக்கத்துச் சக்கரத்தில் வந்து மாட்டியிருந்தால் கேபிள் வகை. அந்தச் சக்கரத்துக்கு எதிர்ப்பக்கம், அச்சின் மறுமுனையில், இரண்டு ஸ்க்ரூ போட்ட கறுப்புப் பிளாஸ்டிக் பெட்டி இருக்கும். அதுவே நம் சென்சார். கனெக்டரில் 3 கம்பியோ 4 கம்பியோ இருக்கும். கேபிளே இல்லாமல், த்ராட்டில் பாடியோடு மோட்டார் ஒட்டியிருந்தால் அது மின்சார த்ராட்டில். அதற்கு வேறு கணக்கு, பின்னால் வருகிறேன். 2011இல் பழைய வண்டியை ஒப்படைத்து இறக்குமதி அனுமதி வாங்கும் திட்டம் வந்த பிறகு ஊருக்குள் இறங்கிய டொயோட்டா புரோபாக்ஸ்களில் இரண்டு வகையும் உண்டு. ஆகவே பெயரைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், கேபிளைப் பாருங்கள்.

எச்சரிக்கை விளக்கு எரியவில்லையே என்று பலர் சென்சாரைச் சந்தேகப் பட்டியலிலிருந்து எடுத்துவிடுகிறார்கள். அது தவறு. கம்பி முழுக்க அறுந்தாலோ ஷார்ட் ஆனாலோதான் ஈசியூ நிச்சயமாகப் பிழை எழுதும். ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரம் வோல்ட் விழுந்து எழுவதைப் பழைய ஈசியூ கண்டுகொள்ளாது. ஆனாலும் கோடு, அதாவது ஈசியூ எழுதி வைத்த பிழை எண், பார்ப்பது இலவச வேலை, பார்த்துவிடுங்கள்.

தொண்ணூறுகளின் டொயோட்டாவில் எஞ்சின் அறையில் ‘டயக்னோசிஸ்’ என்று எழுதிய மூடியோடு ஒரு சின்னக் கறுப்புப் பெட்டி இருக்கும். மூடியின் உட்புறம் ஓட்டைகளின் பெயர்கள் அச்சிட்டிருக்கும். டிஈ1, ஈ1 இரண்டையும் ஒரு துண்டுக் கம்பியால் இணைத்து, ஏசியை நிறுத்தி, மிதியைத் தொடாமல் சாவியை ஆன் நிலைக்குத் திருப்புங்கள். எஞ்சினை ஸ்டார்ட் செய்யக் கூடாது. எஞ்சின் விளக்கு நிற்காமல் சீராகப் படபடத்தால் கோடு எதுவும் இல்லை. நான்கு முறை மின்னி, ஒன்றரை நொடி நிறுத்தி, ஒரு முறை மின்னினால் அது 41. த்ராட்டில் சென்சார் சர்க்யூட். இன்னொரு நல்ல தகவலும் இங்கே கிடைக்கும். நான்கு கம்பி சென்சார் உள்ள பல பழைய டொயோட்டாக்களில், இதே நிலையில் மிதியை லேசாக அழுத்தினால் 51 என்று காட்டும், விட்டால் மறையும். மிதியைத் தொடாமலே, ஏசி நின்று, கியர் பார்க்கிங்கில் இருந்தும் 51 வருகிறது என்றால் சென்சாருக்குள் இருக்கும் ஐடில் சுவிட்ச் (கால் மிதியில் இல்லை என்று ஈசியூவுக்குச் சொல்லும் சுவிட்ச்) மூடவில்லை. கருவி எதுவும் இல்லாமல், ஒரு துண்டுக் கம்பியோடு தெரிந்துகொள்ளக்கூடிய விஷயம் இது.

ஸ்டியரிங்குக்குக் கீழே 16 முனைப் பிளக் உள்ள வண்டிகளில் ஸ்கேனர் மாட்டலாம். ஜப்பான் உள்நாட்டுக்குச் செய்த அந்தக் கால வண்டிகள் பலவற்றில் மலிவான புளூடூத் ஸ்கேனர் ஈசியூவோடு பேசாது. அது ஈசியூவின் கோளாறு அல்ல. பேசினால் பி0120, பி0121, பி0122, பி0123 இந்தச் சென்சாரின் குடும்பம். 122 என்றால் வோல்ட் தாழ்ந்து கிடக்கிறது, 123 என்றால் ஏறிக் கிடக்கிறது. ஸ்கேனரில் த்ராட்டில் சதவீதமும் தெரியும். மிதியைத் தொடாதபோது 12 அல்லது 14 என்று காட்டுவதைப் பார்த்து ‘பூஜ்யம் வரவில்லை, சென்சார் போச்சு’ என்று முடிவு கட்டாதீர்கள். மூடிய நிலையில் 0.6 வோல்ட் வருகிறது; அது 5 வோல்ட்டில் 12 சதவீதம். சரியான சென்சார் அப்படித்தான் காட்டும்.

அளக்கும் வேலை

வேண்டியவை ஒரு மல்டிமீட்டர், இரண்டு மெல்லிய தையல் ஊசி, உதவிக்கு ஓர் ஆள். வண்டியை ஒரு மணி நேரம் ஓட்டி எஞ்சின் அறை நன்றாகச் சூடான பிறகு அளந்தால் நல்லது. குளிர்ந்த நிலையில் ஒழுங்காகக் காட்டிவிட்டு, சித்திரை வெயிலில் மட்டும் உதைக்கும் சென்சார்கள் உண்டு.

கனெக்டரைக் கழற்றாதீர்கள். கம்பிகள் உள்ளே நுழையும் பின்பக்கத்திலிருந்து ரப்பருக்கும் கம்பிக்கும் நடுவில் ஊசியைச் செருகினால் உள்ளே தகட்டைத் தொடும். கம்பித் தோலைக் குத்தி அளக்கும் பழக்கத்தை விட்டுவிடுங்கள்; மழைக்காலத்தில் அந்தத் துளை வழியாகவே ஈரம் ஏறி, செம்பு உள்ளுக்குள் கறுத்துப் பொடியாகும். டொயோட்டாவின் நான்கு கம்பிக் கனெக்டரில் வரிசை விசி, விடிஏ, ஐடிஎல், ஈ2 என்று போகும். ஓரத்து விசி 5 வோல்ட், மறு ஓரத்து ஈ2 எர்த். நடுவில் விடிஏ விரல் அனுப்பும் வோல்ட், ஐடிஎல் ஐடில் சுவிட்ச். மூன்று கம்பியில் ஐடிஎல் இருக்காது.

சாவி ஆன், எஞ்சின் ஆஃப். முதலில் எர்த். இதைத்தான் எல்லோரும் தவறவிடுகிறார்கள். மீட்டரின் ஒரு முனையை பேட்டரியின் நெகட்டிவ் கம்பத்தில் வைத்து, மறு முனையை ஈ2 ஊசியில் வையுங்கள். 0.05 வோல்ட்டுக்குள் இருக்க வேண்டும், 0.1ஐத் தாண்டினால் எர்த் பாதையில் கோளாறு. ஈ2 கம்பி த்ராட்டில் சென்சாருக்கு மட்டும் சொந்தம் இல்லை. தண்ணீர் வெப்ப சென்சார், காற்று வெப்ப சென்சார், பல எஞ்சின்களில் காற்றழுத்தம் அளக்கும் மேப் சென்சார், எல்லாம் அதையே பங்கு போடுகின்றன. அது அறுந்தால் எல்லாச் சென்சாரும் ஒரே நேரத்தில் தவறாகச் சொல்லும், எஞ்சின் மொத்தமாகக் குழம்பும். இப்படிக் குழம்பிய வண்டிக்கு ஒவ்வொரு சென்சாராக மாற்றிக்கொண்டே போனால் செலவுக்கு முடிவே கிடையாது.

அடுத்து விசிக்கும் ஈ2வுக்கும் நடுவில். 4.5 முதல் 5.5 வரை வர வேண்டும். சுத்தமாக வரவில்லை என்றால் சென்சாரின் கனெக்டரைக் கழற்றி மறுபடி அளந்து பாருங்கள். கழற்றியதும் 5 வோல்ட் திரும்பி வந்தால் சென்சாருக்குள் ஷார்ட். அப்போதும் வராவிட்டால் அதே 5 வோல்ட்டைக் குடிக்கும் மேப் சென்சாரைக் கழற்றுங்கள். அதுவும் இல்லை என்றால் கம்பி அல்லது ஈசியூ.

இந்த இரண்டும் சரியானால்தான் விடிஏவை அளப்பதற்கு அர்த்தம் உண்டு. விடிஏ, ஈ2 நடுவில், த்ராட்டில் மூடிய நிலையில் 0.3 முதல் 0.8 வரை (சில எஞ்சின்களில் 1.0 வரை விடலாம்), முழுக்கத் திறந்தால் 3.2 முதல் 4.9 வரை. முழுத் திறப்பை இரண்டு விதமாகப் பாருங்கள். ஒரு தடவை த்ராட்டில் சக்கரத்தைக் கையால் முழுக்கத் திருப்பி. ஒரு தடவை உதவியாளர் உள்ளே உட்கார்ந்து மிதியை முழுக்க அழுத்தி. கையால் 4.2 வந்து மிதியால் 3.4 மட்டும் வந்தால் சென்சாரில் குறை இல்லை. கேபிள் தளர்ந்திருக்கிறது, அல்லது மிதிக்கடியில் தரைவிரிப்பு சுருண்டு கிடக்கிறது.

இரண்டு முனையும் சரியாக வந்ததும் ‘சென்சார் நன்றாக இருக்கிறது’ என்று மூடிவிடுவது அடுத்த தவறு. தேய்வு நடுவில்தான் இருக்கிறது என்று மேலே பார்த்தோம். த்ராட்டிலை மூடிய நிலையிலிருந்து முழுத் திறப்பு வரை பத்து நொடி எடுத்து மெல்லத் திருப்புங்கள், மெல்ல மூடுங்கள். வோல்ட் வழுக்கிக்கொண்டு ஏற வேண்டும். 0.6, 0.7, 0.9 என்று வந்து திடீரென்று 0.2க்கு விழுந்து, உடனே 1.1க்குத் தாவினால் பிடித்துவிட்டீர்கள். முதல் கால்பங்கில் மிதியை ஒரு நூலளவு முன்னும் பின்னும் ஆட்டிக்கொண்டே இருங்கள், அங்கேதான் அகப்படும்.

இந்தச் சோதனைக்கு மட்டும் டிஜிட்டல் மீட்டரைவிடப் பழைய ஊசி மீட்டர் மேல். டிஜிட்டல் மீட்டர் நொடிக்கு இரண்டு மூன்று முறைதான் எண்ணைப் புதுப்பிக்கும். இரண்டு அளவுகளுக்கு நடுவில் விழுந்து எழுந்த வோல்ட் அதற்குத் தெரியவே தெரியாது. ஊசி மீட்டரில் முள் துடிப்பது கண்ணுக்குத் தெரியும். ரேடியோ ரிப்பேர் கடைகளில் இன்னும் கிடைக்கிறது. டிஜிட்டல் மட்டுமே இருந்தால் குறைந்த அளவு, கூடிய அளவைப் பிடித்து வைக்கும் வசதியைப் போட்டுக்கொண்டு செய்யுங்கள்.

அளந்துகொண்டே கனெக்டரையும், அதிலிருந்து ஒரு முழ நீளம் கம்பிக் கட்டையும் மெல்ல ஆட்டிப் பாருங்கள். த்ராட்டில் அசையாதபோது வோல்ட் அசைந்தால் குற்றம் கம்பியில். நம் ஊரில் இது மிகப் பெரிய காரணம். மே மாத நடுவிலிருந்து அக்டோபர் வரை கொட்டும் மழை, தெருவில் தேங்கும் தண்ணீர், ஏப்ரலில் திங்யான் தண்ணீர்த் திருவிழா, அது முடிந்ததும் சேறு போக எஞ்சின் அறையைக் குழாய் அழுத்தத்தில் கழுவும் பழக்கம். இத்தனையும் தாங்க வேண்டிய கனெக்டரின் ரப்பர் வளையம் இருபது வயதில் கல்லாகியிருக்கும், அல்லது காணாமலே போயிருக்கும். கழற்றி உள்ளே பாருங்கள். தகட்டில் பச்சைப் பூச்சு இருந்தால் கான்டாக்ட் கிளீனர் அடித்து, மெல்லிய பிரஷ்ஷால் தேய்த்து, காய விட்டு, பெண் முனை அகன்றிருந்தால் ஊசியால் ஒரு சிட்டிகை நெருக்கி, ரப்பர் ஓரத்தில் கொஞ்சம் சிலிக்கான் கிரீஸ் தடவி மாட்டுங்கள். வண்டியை ஓட்டிப் பாருங்கள். பல வண்டிகளில் வேலை இதோடு முடிந்துவிடும்.

நான்கு கம்பி வகையில் ஐடிஎல்லையும் ஒரு பார்வை பார்க்க வேண்டும். மூடியிருக்கையில் பூஜ்யம், லேசாகத் திறந்ததும் பேட்டரி அளவு வோல்ட். இது கெட்டுப்போனால் வரும் அறிகுறி வேறு மாதிரி, பலரைக் குழப்புவதும் இதுவே: நிறுத்தி வைத்து மிதியை லேசாகப் பிடித்தால் எஞ்சின் 1000க்கும் 2000க்கும் நடுவில் ஏறி இறங்கி ஊஞ்சலாடும். ஐடில் சுவிட்ச் மூடியே கிடப்பதால் ஈசியூ ‘கால் மிதியில் இல்லை, வேகம் மட்டும் கூடியிருக்கிறது’ என்று பெட்ரோலை நிறுத்துகிறது, வேகம் விழுந்ததும் திரும்பக் கொடுக்கிறது, கால் இன்னும் மிதியில் இருப்பதால் வேகம் ஏறுகிறது, மறுபடி நிறுத்துகிறது. சென்சாரைத் தப்பான கோணத்தில் இறுக்கினாலும் இதே ஊஞ்சல் வரும். புதுச் சென்சார் போட்ட பிறகு இது ஆரம்பித்தால் பொருளைத் திட்டாதீர்கள், கோணத்தைப் பாருங்கள்.

சென்சார் வாங்கும்போது

புதிய ஒரிஜினல் கிடைத்தால் அதுதான் முதல் தேர்வு. டொயோட்டாவில் இதன் பாக நம்பர் 89452 என்று தொடங்கும், மீதி ஐந்து இலக்கமும் பழைய சென்சார் மேலேயே அச்சிட்டிருக்கும். அதே பெட்டியில் போலியும் வருகிறது என்பதால் பெட்டியை நம்ப வேண்டாம், கடையிலேயே அளந்துவிடுங்கள். பழைய உதிரிக் கடையில் எடுப்பதாக இருந்தால் அளக்காமல் காசு கொடுக்கவே கூடாது. மீட்டரை ஓமில் வைத்து இரு ஓர முனைகளையும் தொடுங்கள், 2.5 முதல் 5.9 கிலோஓம் வர வேண்டும். பிறகு விடிஏ, ஈ2 முனைகளில் வைத்து, நடுத்துளையில் ஒரு தட்டை ஸ்க்ரூடிரைவரை விட்டு மெல்லத் திருப்புங்கள். முள் தடையில்லாமல் ஏறி, கையை எடுத்ததும் ஸ்பிரிங் அதைத் திரும்பக் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். முனைகளின் எண்ணிக்கை, கனெக்டரின் வடிவம், திரும்பும் திசை மூன்றும் பழையதோடு ஒத்திருக்கட்டும். எதிர்த்திசையில் திரும்பும் சென்சார் கனெக்டரில் கச்சிதமாக உட்காரும், ஆனால் மூடிய நிலையில் நாலு வோல்ட் காட்டும்.

கழற்றுவதும் மாட்டுவதும்

பேட்டரி நெகட்டிவைக் கழற்றுங்கள். பழைய சென்சார் நிற்கும் கோணத்தை ஒரு கூரான ஆணியால் த்ராட்டில் பாடியில் கோடு கிழித்து அடையாளம் வையுங்கள், பிறகு உதவும்.

இரண்டே ஸ்க்ரூ. ஆனால் இந்த வேலையில் அதிக நேரம் தின்பது அவைதான். அலுமினியத்தில் ஸ்டீல் ஸ்க்ரூ இருபது வருடம் ஈரத்தில் உட்கார்ந்தால் இரண்டும் ஒட்டிக்கொள்ளும். அதோடு, அவை ஜப்பானியத் தரத்து ஸ்க்ரூக்கள். தலையில் ஒரு சின்னப் புள்ளி இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். சாதாரண ஸ்டார் ஸ்க்ரூடிரைவர் அதில் முழுக்க உட்காராது, அழுத்தித் திருகினால் மேலே ஏறி நழுவி தலையைத் தின்றுவிடும். ஜப்பானிய முனை கொண்ட டிரைவரை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், ஜப்பான் வண்டி வைத்திருக்கும் வீட்டில் அது தினமும் பயன்படும். முதல் நாள் இரவே ஸ்க்ரூவின் அடியில் ஊறும் எண்ணெய் விடுங்கள். மறுநாள் டிரைவரைத் தலையில் நேராக நிறுத்தி, பின்பக்கத்தில் சுத்தியலால் நாலைந்து நிதானமான தட்டு. அந்த அதிர்ச்சியில் பிடிப்பு விடும். பிறகு உடல் எடையை டிரைவர் மேல் கொடுத்துத் திருகுங்கள். சில எஞ்சின்களில் சென்சார் சுவர்ப்பக்கம் திரும்பி, டிரைவர் நேராகப் போக வழியே இருக்காது. அப்போது வளைந்த டிரைவரால் மல்லுக்கட்டாமல் த்ராட்டில் பாடியையே கழற்றிவிடுங்கள்: பெரும்பாலும் நான்கு 12 மி.மீ. போல்ட் அல்லது நட், கேபிள், அடியில் இரண்டு தண்ணீர்க் குழாய். எஞ்சின் ஆறிய பிறகே குழாயைத் தொடுங்கள், கொஞ்சம் கூலன்ட் சிந்தும். கேஸ்கெட் புதியது போட வேண்டும். பழையதை மறுபடி போட்டால் காற்று கசிந்து ஐடிலிங் ஏறும், பழி மறுபடி சென்சார் மேல் விழும்.

கழற்றிய கையோடு த்ராட்டில் தகட்டின் கறுப்புப் படிவைச் சுத்தம் செய்யுங்கள். கிளீனரைத் துணியில் நனைத்துத் துடையுங்கள். அச்சின் மேல் நேராகப் பீய்ச்ச வேண்டாம். அந்த ரசாயனம் அச்சு வழியாக ஊர்ந்து சென்சாருக்குள் போய்க் கரிப்பூச்சைக் கரைக்கும். ‘சர்வீஸ் செய்த பிறகுதான் உதைக்க ஆரம்பித்தது’ என்று சொல்லப்படும் வண்டிகளில் இதையும் நினைத்துப் பாருங்கள். தகட்டின் நிறுத்த ஸ்க்ரூவைத் தொடவே தொடாதீர்கள். ஐடிலிங் சரிசெய்வதற்கான ஸ்க்ரூ அது அல்ல. தகடு குழாய்ச் சுவரில் போய் இறுகாமல் தடுக்கத் தொழிற்சாலையில் வைத்த அளவு.

மாட்டும்போது ஒரு நுட்பம். அச்சின் முனை தட்டையாகச் செதுக்கியிருக்கும், சென்சாருக்குள் அதைப் பிடிக்கும் நாக்கு ஸ்பிரிங்கில் நிற்கும். சென்சாரை ஸ்க்ரூ ஓட்டைகளுக்கு நேராக வைத்து அமுக்கினால் நாக்கு தவறான பக்கம் மாட்டும். முதல் முறை முழுக்க மிதிக்கும்போது உள்ளே முறிந்துபோகும். ஓட்டைகள் விலகி இருக்கும்படி ஒரு கோணத்தில் சாய்த்து அச்சில் ஏற்றி, பிறகு ஓட்டைகள் நேராக வரும் வரை திருப்புங்கள். பல டொயோட்டாக்களில் கடிகார முள் ஓடும் திசையில் திருப்ப வேண்டும். திருப்பும்போது ஸ்பிரிங்கின் எதிர்ப்பு விரலில் தெரியும். அது தெரியவில்லையா, எடுத்து மறுபடி ஏற்றுங்கள். ஸ்க்ரூவைக் கையால் போட்டு, சென்சார் இன்னும் நகரும் அளவுக்கு மட்டும் இறுக்குங்கள்.

இனிக் கோணம். மூன்று கம்பி வகையில் ஓட்டைகள் வட்டமாக இருந்தால் கோணம் வைக்க இடமே இல்லை. இறுக்கி, மூடிய நிலை வோல்ட்டைச் சரிபார்த்தால் போதும். ஓட்டைகள் நீண்டிருந்தால் வைத்தே ஆக வேண்டும். நான்கு கம்பி வகைக்கு ஃபீலர் கேஜ் (இடைவெளி அளக்கும் மெல்லிய தகடுகள்) வேண்டும். கனெக்டர் கழன்ற நிலையில், மீட்டரை ஓமில் வைத்து ஐடிஎல், ஈ2 முனைகளில் பிடித்துக்கொள்ளுங்கள். நிறுத்த ஸ்க்ரூவுக்கும் த்ராட்டில் நெம்புகோலுக்கும் நடுவில் கேஜைச் செருகி, சென்சாரை மெல்லத் திருப்பிக்கொண்டே வந்தால் ஓரிடத்தில் தொடர்பு வரும். அங்கே ஸ்க்ரூவை இறுக்குங்கள். அக்காலத்து டொயோட்டா எஞ்சின்கள் பலவற்றில் 0.6 மி.மீ. கேஜில் வைத்து, 0.5இல் தொடர்பு இருக்கிறதா, 0.7இல் அறுகிறதா என்று சரிபார்ப்பார்கள். எண் எஞ்சினுக்கு எஞ்சின் மாறும், உங்கள் எஞ்சினின் கையேட்டு எண்ணையே எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்க்ரூவை இறுக்கும்போது சென்சார் ஒரு மயிரிழை திரும்பிவிடும். ஆகவே இறுக்கிய பிறகு இரண்டு கேஜையும் மறுபடி போட்டுப் பார்ப்பது கட்டாயம். இரண்டு மூன்று தடவை செய்ய நேரும், பொறுமையாகச் செய்யுங்கள். ஸ்க்ரூவுக்கு 2 நியூட்டன் மீட்டர் போதும், அதாவது விரல் நுனி பலம். அதற்கு மேல் போனால் பிளாஸ்டிக் காது உடையும்.

கனெக்டரை மாட்டி, பேட்டரியை இணைத்து, முன்பு அளந்த அதே இடங்களில் அதே வோல்ட்டுகளை மறுபடி எடுங்கள். கோடு பதிந்திருந்தால் ஈஎஃப்ஐ (பெட்ரோல் செலுத்தும் அமைப்பு) ஃபியூஸைப் பத்து நொடிக்கு மேல் பிடுங்கி வைத்தால் அழியும். பேட்டரியைக் கழற்றியதிலேயே பெரும்பாலும் அழிந்திருக்கும். ஐடிலிங் முதல் சில நிமிடம் கொஞ்சம் அலையலாம். ஈசியூ பழையதை மறந்து புதிதாகக் கற்கிறது, எஞ்சினைச் சூடாக்கி பத்து நிமிடம் விடுங்கள்.

கேபிள் இல்லாத வண்டி

மின்சார த்ராட்டிலில் ஒன்றுக்கு இரண்டு சென்சார் சேர்ந்தே இருக்கும், இரண்டும் ஒன்றையொன்று சரிபார்க்கும். டொயோட்டாவில் மூடிய நிலையில் முதலாவது 0.5 முதல் 1.1 வரை, இரண்டாவது 2.1 முதல் 3.1 வரை, திறக்கும்போது இரண்டும் சேர்ந்து ஏற வேண்டும். ஒன்று மற்றதோடு ஒத்துப்போகாவிட்டால் பி2135 எழுதி, ஈசியூ மோட்டாருக்கு மின்சாரத்தை நிறுத்திவிடும். தகடு ஸ்பிரிங்கால் சிறு திறப்பில் நிற்க, வண்டி ஊர்ந்துதான் வீடு சேரும். இவற்றில் பெரும்பாலானவற்றுக்குச் சென்சார் தனியாக விற்பதில்லை, த்ராட்டில் பாடி முழுக்கவே மாற்ற வேண்டும். விலை அதிகம் என்பதால் கனெக்டர், எர்த் சோதனை இங்கே இரட்டிப்பு அவசியம். சாவி ஆனில் இருக்கும்போது தகட்டை விரலால் தள்ளிப் பார்க்க வேண்டாம். மோட்டார் திடீரென்று மூடினால் விரல் நசுங்கும், உள்ளே இருக்கும் பல்சக்கரமும் பாழாகும்.

கடைசியாக ஓட்டிப் பார்ப்பது. காலியான நேரத்தில், ஆட்டோவானால் டி கியரில், மேனுவலானால் மூன்றாம் கியரில், 30 கிலோமீட்டரில் மிதியை நூலளவு நூலளவாக முதல் கால்பங்கு முழுக்கக் கொண்டு போங்கள். அதே போலத் திருப்பிக் கொண்டு வாருங்கள். ஏசி போட்டு ஒரு தடவை, நிறுத்தி ஒரு தடவை. கியர் இரண்டு நிலைகளுக்கு நடுவில் மாறி மாறித் தடுமாறுகிறதா என்றும் கவனியுங்கள். பிறகு முதல் பெருமழை பெய்த மறுநாள் காலை கனெக்டரை ஒரு முறை திறந்து, உள்ளே ஈரம் இருக்கிறதா என்று விரலை வைத்துப் பாருங்கள். காய்ந்திருந்தால் மூடிவிடலாம். ஈரம் இருந்தால் அந்த ரப்பர் வளையத்தை இன்றைக்கே மாற்றுங்கள்.